சேதுக்கரைப் பாறையும் காலக் கணக்கும்

இராமேசுவரம் தீவின் வடகரையில், பாம்பனிலிருந்து கிழக்கு நோக்கிக் கடலோரமாக நடந்து செல்வோமானால், நீர் வற்றிய வேளையில் ஒரு விந்தையைக் காணலாம். காலடியில் கிடப்பது கரடுமுரடான சாம்பல் நிறப் பாறை. குனிந்து உற்று நோக்கினால் அது வெறுங்கல் அன்று. நுண்துளைகள் நிறைந்த பவளக் கூடு. குடத்தைக் கவிழ்த்து வைத்தாற்போன்ற உருண்டைகள், தாம் வளர்ந்த இடத்திலேயே, வளர்ந்த கோலம் மாறாமல் நிற்கின்றன. பவளப் பூச்சியோ கடல்நீருக்குள் மட்டுமே வாழக்கூடியது. நெடுநேரம் வெயிலில் காய்ந்தால் மாண்டுபோகும் தன்மையது. அப்படியிருக்க, நீர்மட்டத்துக்கு மேலே அது வீடு கட்டியது எவ்வாறு? சற்றுத் தொலைவில், கடலுக்குள்ளே, அதே குலத்தைச் சேர்ந்த பவளம் இன்றும் உயிரோடு வளர்ந்து வருகிறது. பழையது மேலே நிற்கிறது. புதியது கீழே வாழ்கிறது. கிணறு வெட்டும்போது மேல்மண் புதிது, அடிமண் பழையது என்று கண்டு பழகிய நமக்கு இது தலைகீழாகத் தோன்றுவதில் வியப்பில்லை.

இந்தப் பாறையை அளக்க வந்தவர்களின் வரலாறே இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள். ஆராய்ச்சிக் கப்பல் ஒன்று மாயப் பாறை ஒன்றை அடைகிறது. அங்கே கடிகாரங்கள் முன்பின்னாக ஓடுகின்றன. நேற்றும் நாளையும் கலந்துவிடுகின்றன என்றெல்லாம் கற்பனைக் கதைகள் எழுதுவோர் உண்டு. மாணவ நண்பர்கள் அவற்றை விரும்பிப் படிப்பதும் எனக்குத் தெரியும். ஆனால் காலக் கணக்கைத் தடுமாறச் செய்யும் பாறையைத் தேடிக் கற்பனைக் கடலுக்குப் போகவேண்டியதில்லை. நம் சேதுக்கரையிலேயே அது இருக்கிறது. அதன் தடுமாற்றங்களை ஒவ்வொன்றாக அவிழ்ப்பதற்கு அறிஞர்களுக்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் பிடித்தன.

நான் காரைக்குடியை அடுத்த நேமத்தான்பட்டியைச் சேர்ந்தவன். எங்கள் ஊர் செம்மண் பூமி; கடற்காற்று அங்கே எட்டுவதில்லை. உள்நாட்டுக்காரனுக்குக் கடற்பாறையோடு என்ன உறவு என்று நீங்கள் கேட்கலாம். 1985ஆம் ஆண்டில் மாவட்டம் பிரிக்கப்படும்வரை நேமத்தான்பட்டியும் இராமேசுவரமும் ஒரே இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்தவைதாம். அது ஆட்சிமுறை உறவு. இன்னோர் உறவு எங்கள் வீட்டுச் சுவர்களில் இருக்கிறது. கண்ணாடிபோல் பளபளக்கும் செட்டிநாட்டுப் பூச்சு என்று பெயர்பெற்ற அந்தச் சுவர்ப் பூச்சுக்கு உயிர்நாடி சுண்ணாம்பு. கடற்கிளிஞ்சலைச் சுட்டு எடுக்கும் சுண்ணாம்பு. கடலில் வாழ்ந்த உயிர்கள் தம் உடலைச் சுற்றிக் கட்டிக்கொண்ட கூடுகளே எங்கள் முகப்புகளையும் வளவுகளையும் வெண்மையாக்கின. பவளப் பாறையும் அதே சுண்ணாம்புப் பொருள்தான். இந்தப் பொருத்தம் பின்னால் ஒரு துன்பக் கதைக்கு நம்மைக் கொண்டுபோகும். ஆகவே இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

சேதுப் பகுதியை இக்கால முறையில் அளந்தவர்களுள் முன்னே நிற்பவர் ஆர்தர் காட்டன். கோதாவரி அணையாலும் காவிரி, கொள்ளிட வேலைகளாலும் பின்னாளில் புகழ்பெற்ற அதே காட்டன்தான். 1822ஆம் ஆண்டில், பத்தொன்பது வயது இளம் பொறியாளராக, பாம்பன் நீர்வழியை அளக்கும் பணி அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அரசாங்கத்துக்கு அப்போது வேண்டியிருந்தது பாறையின் வயதன்று. கப்பல் புகுமா, புகாதா என்ற விடைதான். பிற்பாடு பாறையை வெடி வைத்துப் பிளந்து அந்த வழியை ஆழப்படுத்தினார்கள். கடலை அளப்பவனுக்குப் பாறை என்பது தடை. இந்த எண்ணமே நெடுநாள் நிலவியது.

ஆனால் அந்த அளவைக்குள்ளேயே காலம் மறைந்திருந்தது. கடலில் கிழக்கு மேற்காக நாம் எங்கே இருக்கிறோம் என்பதைக் கடிகாரமே சொல்லும். பூமி 24 மணி நேரத்தில் 360 பாகை சுழல்கிறது. ஒரு பாகைக்கு 4 நிமிடம். ஆகவே கடிகாரம் நான்கே வினாடி தவறினால், இராமேசுவரத்தின் நேர்க்கோட்டில் இடம் ஏறக்குறைய 1.8 கிலோமீட்டர் தவறிவிடும். பாறை நிறைந்த கடலில் அது கப்பலை உடைக்கப் போதுமான தவறு. சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792ஆம் ஆண்டில் அமைந்த வானாராய்ச்சி நிலையம் முதலில் எதற்காகப் பாடுபட்டது என்றால், இந்தத் தீர்க்கரேகைக் கணக்குக்காகத்தான். ஜான் கோல்டிங்காம் என்பவர் அங்கே வியாழனின் துணைக்கோள்கள் மறையும் நேரங்களைக் குறித்துக் குறித்துச் சென்னையின் தீர்க்கரேகையைக் கணித்தார். வானத்துக் காலத்தைக் கொண்டு கடலில் இடத்தைக் கண்டார்கள். பாறையின் காலத்தைக் கேட்கும் எண்ணம் பின்னரே பிறந்தது.

அதைக் கேட்டவருள் ஒருவர் இராபர்ட் புரூஸ் ஃபூட். 1863ஆம் ஆண்டு மே மாதம் 30ஆம் நாள் பல்லாவரத்தில் பழைய கற்காலக் கோடரியைக் கண்டெடுத்து, இந்தியாவின் பழமையைப் பல்லாயிரம் ஆண்டு பின்னே தள்ளிய பெருமகனார் இவர். இந்திய நிலவியல் ஆய்வுத்துறையில் பணியாற்றி, மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களின் நில அமைப்பைப் பற்றி 1883ஆம் ஆண்டில் ஓர் அறிக்கை வெளியிட்டார். மாட்டு வண்டியிலும் குதிரையிலும் சென்று, கண்ணால் கண்டதைக் கையால் வரைந்த காலம் அது. இராமேசுவரத்துப் பாறையைக் கண்ட ஃபூட், இது கடலுக்கு மேலே எழும்பிய பவளப் பாறை என்று தெளிந்தார். எழும்பியது என்றாரே, எப்போது எழும்பியது? பாறையைக் கண்ணால் பார்த்து வயது சொல்லும் கருவி அன்று எவரிடமும் இல்லை. கல்லாயுதங்களின் வரிசையை முதலில் கண்ட மனிதர், பாறையின் வரிசையைக் கண்டு ஆண்டைக் கேட்கமுடியாமல் நின்றார்.

அடுத்து வந்தவரைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன். நம் பாடநூல்கள் அவரை மறந்துவிட்டன. யோகன்னஸ் வால்தர் ஜெர்மானியர். 1860ஆம் ஆண்டில் பிறந்தவர். யேனா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர். நேப்பிள்ஸ் வளைகுடாவில் கடலடி மண்ணை ஆராய்ந்தார். சீனாய்த் தீபகற்பத்தின் பவளப் பாறைகளை ஆராய்ந்தார். பின்பு 1888-89ஆம் ஆண்டுகளில் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வந்தார். சேதுவையும் பாக் நீரிணையின் பவளப் பாறைகளையும் பற்றி அவர் எழுதிய நூல் 1891ஆம் ஆண்டில் கோத்தா நகரில் வெளியாயிற்று. நம் கடற்கரையின் பாறை ஒன்று ஐரோப்பிய அறிஞர் உலகில் தனிநூலுக்குப் பொருளானது சிறு செய்தியன்று.

வால்தரின் பார்வை மற்றவர்களிடமிருந்து வேறுபட்டது. பழங்காலப் பாறைகளைப் பார்த்துப் பழங்காலத்தை ஊகிப்பதே அன்றைய நிலவியலாரின் வழக்கம். வால்தரோ, இன்று கடலில் நடப்பதைப் பார், அதுவே பழமையை அறியும் சாவி என்ற வழியில் சென்றார். கரையில் மணல், சற்றுள்ளே அமைதியான நீரில் சேறு, அதற்கு அப்பால் பவளம், அதற்கும் அப்பால் அலை உடைத்த பவளத் துண்டுகள். இவை பக்கத்தில் பக்கத்தில் ஒரே நாளில் படிகின்றன. இப்போது கடல் மெல்ல மெல்ல நிலத்தை நோக்கி ஏறுகிறது என்று வைத்துக்கொள்வோம். மணல் படிந்த இடத்தின்மேல் சேறு படியும். சேறு படிந்த இடத்தின்மேல் பவளம் வளரும். அதன்மேல் துண்டுகள் குவியும். பிற்காலத்தில் ஒருவன் அங்கே துளையிட்டுப் பார்த்தால், கரையிலிருந்து கடலை நோக்கி நடந்தவன் கண்ட அதே வரிசையைக் கீழிருந்து மேலாகக் காண்பான். பக்கவாட்டில் கிடந்தது நிமிர்ந்து நிற்கும். இடமாக இருந்தது காலமாக மாறும்.

இதைத்தான் வால்தர் 1893-94ஆம் ஆண்டுகளில் வெளியிட்ட தம் பெருநூலில் ஒரு விதியாகவே எழுதினார். இன்று உலகெங்கும் நிலவியல் மாணவர்கள் வால்தர் விதி என்று அதைப் படிக்கிறார்கள். உழவர் வீட்டுப் பிள்ளைகளுக்கு இது கடினமாக இராது. வரப்பில் நின்று பார்த்தால் ஒரு பக்கம் நாற்றங்கால், ஒரு பக்கம் பச்சைப் பயிர், ஒரு பக்கம் முற்றிய கதிர் தெரியும். மூன்று வயல்களையும் ஒரே நொடியில் பார்த்துவிடலாம். ஆனால் ஒரே வயலின் நான்கு மாதக் கதையும் அதுவே. வால்தர் விதி இராமேசுவரத்தில்தான் உதித்தது என்று நான் சொல்லவரவில்லை. நேப்பிள்ஸ், சீனாய், சேது ஆகிய இடங்களிலெல்லாம் பார்த்துப் பார்த்துப் பழுத்த அறிவு அது. ஆயினும் அந்தப் பழுத்தலில் நம் கரைக்கும் பங்கு உண்டு என்று கொள்வது பிழையாகாது.

விதிக்கு ஓர் எல்லையும் உண்டு; அதை விட்டுவிட்டுச் சொன்னால் அரைகுறையாகும். இடையில் அறுபடாமல் படிந்த அடுக்குகளுக்கே அது பொருந்தும். ஓலைச்சுவடியில் நடுவே பத்து ஏடு விடுபட்டிருந்தால், ஒன்பதாம் ஏட்டையும் இருபதாம் ஏட்டையும் அடுத்தடுத்து வைத்துப் பொருள் சொல்ல முடியுமா? கடல் பின்வாங்கிப் பாறை வெயிலில் காய்ந்த காலத்தில் புதிதாக எதுவும் அங்கே படியவில்லை, இருந்ததும் அரிக்கப்பட்டது. மேலே நிற்கும் பழம்பாறைக்கும் கீழே வாழும் புதுப்பாறைக்கும் நடுவே அப்படிப்பட்ட விடுபட்ட ஏடுகள் இருக்கின்றன.

இதே காலத்தில் பவளப் பாறைகளைப் பற்றிய பெரிய வழக்கொன்று உலக அறிஞரிடையே நடந்து வந்தது. பசிபிக் கடலில் வளையமாகத் தோன்றும் பவளத் தீவுகள், மூழ்கிக்கொண்டிருக்கும் எரிமலைகளின் மேல் வளர்ந்தவை என்று சார்லஸ் டார்வின் 1842ஆம் ஆண்டில் எழுதினார். அதைச் சோதிப்பதற்காக இலண்டன் இராயல் சங்கத்தார் 1896 முதல் 1898 வரை ஃபூனாஃபூட்டித் தீவில் துளையிட்டார்கள். 1,114 அடி ஆழம் போயும் பவளத்தின் அடி தென்படவில்லை. 1952ஆம் ஆண்டில் எனிவெடோக் தீவில் 1,200 மீட்டருக்கும் கீழே துளைத்தபோதுதான் எரிமலைப் பாறை கிடைத்தது. டார்வினின் கூற்று நிலைபெற்றது. அங்கே பழைய பவளம் ஆழத்தில் கிடக்கிறது. நம் கரையில் அது தலைக்குமேல் நிற்கிறது. எனவே பசிபிக் கடலுக்குக் கண்ட விடையை அப்படியே இங்கே பொருத்த முடியாது.

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியை விரைந்து கடப்போம். பாம்பனுக்குத் தெற்கேயுள்ள குருசடைத் தீவின் கடல் உயிர்களைப் பற்றிச் சென்னை அருங்காட்சியகத்தார் 1927ஆம் ஆண்டில் நூல் வெளியிட்டனர். விலங்கியல் மாணவர்கள் பல தலைமுறையாகக் குருசடைக்குப் பயணம் செய்ததற்கு அது வழிகாட்டியாயிற்று. விலங்கியல் ஆய்வுத்துறையின் தலைவராக இருந்த சீமோர் சூவெல், பவள வளர்ச்சியைக் கொண்டு கடல்மட்ட மாறுதல்களைக் கணிக்கலாம் என்று 1930களில் எழுதினார். 1947ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்ற மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் விரைவிலேயே மண்டபத்துக்கு வந்தது. ஆராய்ச்சியாளர்கள் இனி வந்துபோகும் விருந்தினரல்லர். பாறைக்குப் பக்கத்திலேயே குடியிருப்பவர்கள்.

அவர்களுள் ஒருவர் சி. எஸ். கோபிநாத பிள்ளை. பாக் விரிகுடாவிலும் மன்னார் வளைகுடாவிலும் வளரும் பவளங்களை இனம் இனமாக வகுத்துப் பெயரிட்டவர். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்து டேவிட் ஸ்டாடர்ட்டும் இவரும் சேர்ந்து, இராமநாதபுரத்தின் எழும்பிய பாறைகளைப் பற்றி 1972ஆம் ஆண்டில் ஒரு கட்டுரை வெளியிட்டனர். ஃபூட் கேட்க விரும்பிய வினாவுக்கு அதில் எண்ணால் விடை வந்தது: 4020 ஆண்டுகள், கூட்டியோ குறைத்தோ 160.

இந்த எண்ணை எப்படிக் கண்டார்கள்? வான்வெளிக் கதிர்கள் தாக்குவதால் காற்றில் கதிரியக்கக் கரி சிறிதளவு உண்டாகிக்கொண்டே இருக்கிறது. உயிருள்ளவை அதைத் தம் உடலில் சேர்க்கின்றன. செத்தபின் சேர்ப்பது நின்றுவிடும். சேர்ந்திருந்த கதிரியக்கக் கரி 5,730 ஆண்டுகளில் பாதியாகக் குறையும். மிச்சமிருப்பதை அளந்தால் செத்த காலம் தெரியும். வில்லார்ட் லிப்பி இம்முறையைக் கண்டு 1960ஆம் ஆண்டில் நோபல் பரிசு பெற்றார். கூட்டியோ குறைத்தோ 160 என்பதற்குப் பொருள், உண்மை வயது அந்த எல்லைக்குள் இருக்க மூன்றில் இரண்டு பங்கு வாய்ப்பு உண்டு என்பதே. எண்ணை மட்டும் மனப்பாடம் செய்து, பின்னே ஒட்டிய எண்ணை விட்டுவிடுவது மாணவர்களிடம் மட்டுமன்றி நூல் எழுதுவோரிடமும் காணும் பழக்கம்.

இங்கேதான் பாறை நம்மோடு விளையாடத் தொடங்குகிறது. கடலின் ஆழத்து நீர் நூற்றுக்கணக்கான ஆண்டுகள் காற்றைக் காணாமல் கிடந்து, பின்பு மேலே வந்து கலக்கிறது. அந்த நீரில் உள்ள கரி பழைய கரி. அதைக் கொண்டு கூடு கட்டும் பவளமும் சிப்பியும் பிறக்கும்போதே பழமை ஏறியவையாகப் பிறக்கின்றன. அணுகுண்டுச் சோதனைகளுக்கு முன்பு, கடலிலிருந்து உயிரோடு எடுத்த சிப்பி ஒன்றை இம்முறையில் சோதித்தால், அது செத்துச் சராசரியாக 400 ஆண்டுகள் ஆயின என்றே கருவி சொல்லும்! உயிரோடிருப்பதை நாயக்கர் காலத்தில் இறந்ததாகக் கணக்குச் சொன்னால் அதை என்னென்பது? இதைக் கழித்துத்தான் கடற்பொருள்களின் வயதைச் சொல்லவேண்டும்.

அதன் பிறகு 1950களிலும் 1960களின் தொடக்கத்திலும் வல்லரசுகள் வானில் வெடித்த குண்டுகள் காற்றில் கதிரியக்கக் கரியை மிகையாக்கிவிட்டன. அதற்குப் பின் வளர்ந்த பவளத்தைச் சோதித்தால், கணக்கு எதிர்த்திசையில் தவறி, இன்னும் பிறவாத வயதைக் காட்டும். முன்னே செத்ததாகச் சொன்ன அதே முறை, பின்னே எதிர்காலத்தைக் காட்டுகிறது. இந்தக் குழப்பத்துக்கு ஒரு முடிவு வேண்டி விஞ்ஞானிகள் ஓர் உடன்பாடு செய்துகொண்டனர். இன்றைக்கு இத்தனை ஆண்டுகளுக்கு முன் என்று அவர்கள் எழுதும்போது, அந்த ‘இன்று’ 1950ஆம் ஆண்டிலேயே நிறுத்தி வைக்கப்பட்டிருக்கிறது. நாட்கள் ஓடினாலும் அவர்களுடைய இன்று ஓடாது. கற்பனைக் கதை எழுதுவோர் இதைவிட விந்தையானது எதைக் கண்டுவிட்டார்கள்?

திருத்தங்கள் எல்லாம் செய்தபோதும், பாறை ஏறக்குறைய நாலாயிரம் ஆண்டுப் பழமையது என்ற முடிவு பெரிதும் மாறவில்லை. அப்படியானால் நிலம் எழும்பியதா, கடல் இறங்கியதா? சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், உலகின் நீரில் ஒரு பகுதி பனிப்பாளமாக உறைந்திருந்தபோது, கடல் இன்றைய மட்டத்துக்கு ஏறத்தாழ 120 மீட்டர் கீழே இருந்தது. பாக் விரிகுடாவின் பெரும்பகுதி 15 மீட்டர்கூட ஆழமில்லாதது. ஆகவே அன்று அது கடலே அன்று. நாமும் இலங்கையும் ஒரே நிலம். பனி உருகக் கடல் ஏறிற்று. 6,000 அல்லது 7,000 ஆண்டுகளுக்கு முன் இன்றைய மட்டத்தை நெருங்கியது. பின்பு நம்மைப் போன்ற வெப்பநாட்டுக் கரைகளில் இன்றைய மட்டத்தையும் சிறிது தாண்டிற்று. உருகிய நீரின் பாரத்தால் கடலடி தாழ்ந்து, நீர் வேறிடங்களை நிரப்பச் சென்றபோது, இங்கே மட்டம் மெல்ல இறங்கியது. இறங்கிய கடல் பவளத்தை வெயிலில் விட்டுவிட்டுப் போயிற்று. பாக் விரிகுடாவில் ஓதத்தின் ஏற்ற இறக்கம் ஒரு மீட்டரும் இல்லை. ஆதலால் சிறு இறக்கமே பாறையைக் கொல்லப் போதும். கரை சிறிதும் எழும்பவில்லை என்று யாரும் ஆணையிட்டுச் சொல்லவில்லை. ஆனால் கடலின் இறக்கத்துக்கே இன்று பெரும்பங்கு தருகிறார்கள்.

கடல் விலகிய ஊர்களையெல்லாம் இந்தக் கணக்கில் சேர்த்துவிடக் கூடாது. முத்துக்குப் பெயர்போன கொற்கை இன்று கடலை விட்டு உள்ளே கிடப்பதற்குத் தாமிரபரணி கொண்டுவந்த வண்டல் காரணம். மறுபுறம், எங்கள் நகரத்தார் குலத்தில் காவிரிப்பூம்பட்டினத்தைக் கடல் கொண்டதால் முன்னோர் பாண்டிநாடு வந்தனர் என்ற செவிவழி மரபு வழங்குகிறது. ஒரு கரையில் கடல் எடுத்தது, ஒரு கரையில் கொடுத்தது என்று ஊர்ப் பெரியவர்கள் பேசுவார்கள். குலமரபின் நினைவும், தலபுராணத்தின் காலமும், கதிரியக்கக் கரியின் காலமும் ஒரே முழக்கோலால் அளக்கத் தக்கவை அல்ல. 2002ஆம் ஆண்டில் விண்ணிலிருந்து எடுத்த சேதுவின் படத்தைக் காட்டி, அதன் வயது பதினேழு லட்சம் ஆண்டுகள் என்ற செய்தி உலகெங்கும் பரவிற்று. படத்தில் வடிவம் தெரியும், வயது தெரியாது. படம் எடுத்த அமெரிக்க விண்வெளி நிறுவனமே இதை எடுத்துரைத்தது. நம்புகிறவர் நம்பலாம், நம்பிக்கைக்குப் புகைப்படத்தைச் சான்றுக்கு அழைப்பதுதான் பொருந்தாது.

பாறையின் வயதை நூற்றாண்டுக் கணக்கில் அறிவது ஒன்று. ஆண்டுக் கணக்கில் அறிவது மற்றொன்று. குடம்போல் உருண்டு வளரும் பவளம் ஆண்டுக்குச் சுமார் ஒரு சென்டிமீட்டர் வளர்கிறது. ஒரு மீட்டர் உருண்டை என்றால் அது ஏறத்தாழ ஒரு நூற்றாண்டின் நாட்குறிப்பு. அதைப் பலகைபோல் அறுத்து எக்ஸ்ரே படம் எடுத்தால், தேக்கு மரத்தின் வளையங்களைப்போல் அடர்த்தியும் மென்மையுமாகக் கோடுகள் தெரியும். இவை ஆண்டுக் கோடுகள்தாம் என்பதை 1972ஆம் ஆண்டில் எனிவெடோக் தீவுப் பவளத்தைக் கொண்டு மெய்ப்பித்தார்கள். அங்கே நடந்த குண்டுச் சோதனைகளின் கதிரியக்கம் பவளத்துள் பதிந்திருந்தது. சோதனை நடந்த ஆண்டுகளோ ஏட்டில் உள்ளவை. இரண்டையும் ஒப்பிட்டு வளையங்களை எண்ணிச் சரிபார்த்தார்கள்.

இன்னும் நுண்ணிய கோடுகளும் உண்டு, அவை நாட்கோடுகள். ஜான் வெல்ஸ் என்னும் அமெரிக்கப் பேராசிரியர், முப்பத்தெட்டுக் கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட பவளப் புதைபடிவங்களை எடுத்து, ஓர் ஆண்டு வளையத்துக்குள் எத்தனை நாட்கோடுகள் என்று எண்ணினார். 365 வரவில்லை, சுமார் 400 வந்தது. 1963ஆம் ஆண்டில் இதை வெளியிட்டார். பூமி கதிரவனைச் சுற்றும் ஆண்டின் நீளம் மாறவில்லை. எனவே அன்றைய நாள்தான் குறுகியது. 22 மணி நேர அளவே இருந்தது. சந்திரனால் எழும் ஓதம் பூமியின் சுழற்சியைக் கோடிக்கணக்கான ஆண்டுகளாகத் தேய்த்து மெதுவாக்கி வருவதாக வானநூலார் கணக்கிட்டிருந்தார்கள். அந்தக் கணக்குக்குச் சான்று வானத்திலிருந்து வரவில்லை. ஒரு பூச்சி கட்டிய கல்வீட்டிலிருந்து வந்தது.

இத்தனையும் எழுதிவைத்த ஏட்டுக்கு என்ன நேர்ந்தது என்பதைச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. பவளத்துக்கு நம் கடற்கரையில் முருகைக்கல் என்று பெயர். அதை வெட்டி வீடு கட்டினார்கள். காளவாயில் சுட்டுச் சுண்ணாம்பாக்கினார்கள். பின்னாளில் ஆலைகளுக்கும் ஏற்றினார்கள். மண்டபம் பகுதியிலும் தூத்துக்குடிப் பக்கத்துத் தீவுகளிலும் நாள்தோறும் தோணி தோணியாகக் கல் வந்து இறங்கியது. கிளிஞ்சலைச் சுட்டு எங்கள் முன்னோர் சுவர் பூசியதை நான் குறைசொல்லவில்லை. கரையில் ஒதுங்கிய செத்த ஓட்டை எடுத்தார்கள். உயிருள்ள பாறையைக் கடப்பாரையால் பெயர்த்தது வேறு செயல். அதுவும் எப்போது? மண்டபத்தில் அமர்ந்த ஆராய்ச்சியாளர்கள் அதே பாறைகளை எண்ணிப் பெயரிட்டுக்கொண்டிருந்த 1960களிலும் 1970களிலும் அது ஓங்கி நடந்தது. ஒருபுறம் ஏட்டைப் படிப்போர். மறுபுறம் அதே ஏட்டை அடுப்பில் இடுவோர். கல் வெட்டியவன் கூலிக்காக வெட்டினான். அவனுக்கு வேறு பிழைப்பைக் காட்டாத நாம் அவனைமட்டும் குற்றவாளிக் கூண்டில் நிறுத்துவது முறையன்று. 1986ஆம் ஆண்டில் மன்னார் வளைகுடாத் தீவுகள் தேசியப் பூங்காவாயின. 1989ஆம் ஆண்டில் உயிர்க்கோளக் காப்பகம் அமைந்தது. 2001ஆம் ஆண்டில் பாறை கட்டும் பவளங்கள் அனைத்தும் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டன. புலிக்கு உள்ள காப்பு அன்றுமுதல் பவளப் பூச்சிக்கும் உண்டு.

பாறையை வெட்டுவதால் போவது கல்மட்டுமன்று. தீவுக்கு முன்னே நின்று அலையை முதலில் தாங்குவது பாறை. அது போனபின் அலை நேரே தீவின் மணலில் மோதுகிறது. கடலின் வெப்பம் மிகுந்து பவளம் வெளிறிப்போகும் நோயும் 1998, 2010, 2016ஆம் ஆண்டுகளில் இந்தக் கடலைத் தாக்கிற்று. அப்படிப்பட்ட ஆண்டுகளில் பவளத்தின் வளையம் மெலிந்தோ இறுகியோ தழும்புபோல் நிற்பதை மற்றக் கடல்களில் கண்டிருக்கிறார்கள். நம் கடலின் உருண்டைகளிலும் அதைத் தேடவேண்டிய வேலை இன்றைய மாணவர்களைச் சேர்ந்தது.

அளவைப் பணி நிற்கவில்லை. 2024ஆம் ஆண்டில் இந்திய விண்வெளி ஆராய்ச்சி நிறுவனத்து அறிஞர்கள், ஐஸ்சாட்-2 என்னும் செயற்கைக்கோள் நீரூடே பாய்ச்சிய லேசர் ஒளியின் அளவுகளைத் தொகுத்து, தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னார் வரை 29 கிலோமீட்டர் நீளும் சேதுவின் நீரடி வடிவத்தைப் படமாக வெளியிட்டார்கள். பத்து மீட்டர் அளவிலான மேடுபள்ளம்கூட அதில் புலப்படுகிறது. இளைஞர் காட்டன் தோணியில் அமர்ந்து நூல்குண்டு விட்டு அளந்த கடலை, இவர்கள் சுமார் 500 கிலோமீட்டர் உயரத்திலிருந்து அளந்திருக்கிறார்கள்.

இராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையே மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள் என்று நம் பூகோள நூல்களில் எழுதியிருக்கிறது. அந்த இருபத்தொன்றில் பூவரசன்பட்டி, விலங்குச்சல்லி ஆகிய இரண்டும் கடலுக்குள் அமிழ்ந்துவிட்டன. பழைய படங்களில் அவற்றுக்குக் கரைக்கோடு உண்டு. இன்றைய படங்களில், பெயர் எழுதிய இடத்தில் நீரின் நிறம் சற்று வெளுத்திருக்கிறது.